அப்பாவின் காக்கி

அன்று தொலைக்காட்சிக்கு முன்னால் இருந்தவர்கள் இவர்கள்தான்: நாற்காலியில் அப்பா, தரையில் அம்மா, மகள், மாப்பிள்ளை, எதிர்வீட்டுத் தையல்காரர், கதவோரம் நடிகன். வேறு யாரும் இல்லை. தானும் இருந்ததாகச் சொல்லிக்கொள்கிறவர்கள் பொய் சொல்கிறார்கள்.

நடிகன் அந்த வீட்டின் ஒரே மகன். இத்தனை வருடமாகக் கூட்டத்தில் ஒருவனாக, கார் கதவைத் திறந்துவிடுகிறவனாகத் திரையில் வந்து போனவன். அன்று தொலைக்காட்சியில் வந்த இந்தப் படத்துக்குக் கதையும் வசனமும் அவனே. முதன்முறையாக ஒரு முழுக் காட்சியில் நடித்தும் இருந்தான்.

அதற்காக அப்பா, மில்லில் மேஸ்திரியாக இருந்தபோது தான் போட்ட காக்கி உடுப்பைக் கொடுத்தனுப்பியிருந்தார்.

"முதலாளியே எதிர்ல வந்தாலும் நிமிர்ந்து நின்ன உடுப்புங்க அது," என்றார் தையல்காரரிடம்.

"ஷூட்டிங்லேர்ந்து திரும்பி வந்தப்ப முட்டி ரெண்டும் எண்ணெய்க் கறைங்க. தேய்ஞ்சும் போச்சு. நான்தான் ஒட்டுப் போட்டேன்," என்றார் தையல்காரர்.

"உழைக்கிறவன் வேஷம்னா கறை படாதா?"

படம் ஓடியது. மில் வந்தது, சங்கு ஊதியது. காக்கி மட்டும் வரவில்லை. படமும் முடிந்துவிட்டது.

மாப்பிள்ளை சிரித்தார். "ஏன் மச்சான், நீ நடிக்கப் போனியா, டீ கொடுக்கப் போனியா?"

"நீளம் ஜாஸ்தியாம், அத்தான். தூக்கிட்டாங்க."

"நீளமா? உன் மூஞ்சி சகிக்கலைன்னு தூக்கியிருப்பான். நாளைக்குத் தெருவே அதைத்தான் பேசும்."

அப்பா மகன் பக்கம் திரும்பவே இல்லை. "நம்ம வீட்டு ஆம்பளை எவன் கிட்டயும் தலை குனிஞ்சதில்ல. இவன் என்னைத் தெருவுல குனிய வெச்சுட்டான்."

"விடுங்களேன். புள்ள காலையிலேர்ந்து சாப்பிடவே இல்ல," என்றாள் அம்மா.

"இருங்க மாமா, நேராவே கேட்டுடுவோம்." மாப்பிள்ளை நடிகனின் கைபேசியை எடுத்து டைரக்டரை அழைத்தார்.

"அத்தான், வேணாம்!" நடிகன் பாய்ந்து வருவதற்குள் ஸ்பீக்கரைப் போட்டுவிட்டார். "சார், நான் அவன் அக்கா புருஷன். நடிப்பு சரியில்லன்னு எங்க பையனை வெட்டிட்டீங்களாமே?"

"யார் சார் சொன்னது? சுத்தப் பொய்!" டைரக்டரின் குரல் அறை முழுக்கக் கேட்டது. "அந்தக் காட்சிக்காகத்தான் நான் படமே எடுத்தேன். அது இல்லாம ஒரு தியேட்டர்காரனும் தொடல. இனிமே எழுதவும் மாட்டேன், நடிக்கவும் மாட்டேன்னு சொல்லிட்டுப் போயிட்டார் உங்க மச்சான்."

"அப்ப வெட்டினது யாரு?"

"அவரேதான், சார். 'அந்தக் காட்சியில முட்டி போட்டு முதலாளி காலைப் பிடிக்கிறது எங்கப்பா. அன்னிக்கு மில்லுல நான் அதைப் பார்த்தது அவருக்குத் தெரியவே கூடாது'ன்னு அழுதார்."