ஒற்றைச் சோழி

பயப்படுவது யார் கண்ணிலும் பட்டுவிடக் கூடாதே என்று அய்யாவு இரண்டு கைகளையும் தொடைக்கடியில் வைத்துக்கொண்டான்.

பிரிக்பீல்ட்ஸ் பேட்டையின் வாசகசாலையில் அன்று ஓட்டெடுப்பு. தெருக்கூட்டும் கன்னையா உள்ளே வந்து பெஞ்சில் உட்கார்ந்து பத்திரிகை படிக்கலாமா, கூடாதா? இதுவரை அவர் ஜன்னலுக்கு வெளியே நின்றுதான் படித்துக்கொண்டிருந்தார்.

கேட்டுப் பாருங்கள் என்று அவரைத் தூண்டிவிட்டதே அய்யாவுதான். காலையில்கூட, "என் ஓட்டு உங்களுக்குத்தான் அண்ணே" என்று வீரமாகச் சொல்லியிருந்தான்.

கூட்டத்துக்குத் தலைமை தாங்கப்போவது ஆபீஸ் தலைமைக் குமாஸ்தாவான பெரிய கிராணி கார்த்திகேசு என்று அப்போது அவனுக்குத் தெரியாது. ரயில்வே ஆபீசில் அவர் துரையிடம் ஒரு வார்த்தை சொன்னால்தான் அய்யாவுக்கு வேலை நிரந்தரம். இல்லையென்றால் நடுத்தெரு. வந்திருந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் அவருக்குக் கீழே வேலை பார்ப்பவர்கள்தான்.

யாழ்ப்பாணத்துக்காரர், ரொம்ப ஆசாரம். இதற்கெல்லாம் சம்மதிப்பாரா? கன்னையாவின் மனுவைப் படித்தபோது முகத்தைக் கடுகடுவென்று வைத்துக்கொண்டார், வாயே திறக்கவில்லை. அது போதாதா?

செயலாளர் பாலன் ஆளுக்கு ஒரு சோழியும் ஒரு புளியங்கொட்டையும் கொடுத்தார். சம்மதம் என்றால் துணிப்பையில் சோழியைப் போட வேண்டும், வேண்டாம் என்றால் புளியங்கொட்டையை.

"ரகசிய ஓட்டுதானே, யாருக்குத் தெரியப்போவுது?" அய்யாவு பக்கத்திலிருந்த விஜயனின் காதைக் கடித்தான்.

"கையில மிச்சம் என்ன இருக்கு, காட்டுன்னு பெரிய கிராணி கேட்டா என்னடா பண்ணுவே?"

 பை வந்ததும் அய்யாவு கண்ணை மூடிக்கொண்டு புளியங்கொட்டையைப் போட்டுவிட்டான். வெளியே கன்னையா குளித்து, வெளுத்த வேட்டி கட்டிக் காத்திருந்தார். அந்தப் பக்கம் திரும்பிப் பார்க்கவே அவனுக்கு வெட்கமாக இருந்தது.

பையை மேஜைமேல் கொட்டினார்கள். எல்லாமே புளியங்கொட்டை. நடுவில் ஒரே ஒரு சோழி.

 யார் அந்தத் துணிச்சல்காரன், நாளைக்கு அவன் கதி என்ன என்று எல்லோரும் திருதிருவென்று விழித்தார்கள். நல்லவேளை நான் இல்லை என்று அய்யாவுக்கு நிம்மதி வந்தது. அந்த நிம்மதியே அவனுக்கு அருவருப்பாகவும் இருந்தது.

கார்த்திகேசு எழுந்து நின்றார். 

"நான் வாய் திறந்தால் எனக்குப் பயந்து ஓட்டுப் போடுவியள் எண்டுதான் பேசாமல் இருந்தனான். அந்தச் சோழி நான் போட்டது."