சாட்சி இல்லாத தகராறு

"கேஸ் ரெண்டு மாசத்துல முடியுமா, இல்ல என் பேரன் வந்து தீர்ப்பு வாங்குவானா? அதை மட்டும் சொல்லுங்க சார்."

பட்டறைக்காரர் கேட்டுவிட்டுக் கழுத்து வியர்வையைத் துடைத்துக்கொண்டார். மின்விசிறி சுற்றவில்லை. நாற்காலி எதுவும் இல்லாததால், அவருடைய வக்கீல் கேஸ் கட்டையே தரையில் போட்டு அதன் மேல் உட்கார்ந்திருந்தார். மூலையில் தோல்பையுடன் ஒரு பெரியவர் நின்றுகொண்டிருந்தார். வழக்கு பதினொரு மணிக்கு. இன்னும் இருபது நிமிடம் இருந்தது.

விளக்கம் சொல்ல ஆரம்பித்துவிட்டால் வக்கீலுக்குப் பசிகூடத் தெரியாது.

"பாக்கிப் பண கேஸுக்கு ரெண்டு பாதை இருக்கு. ஒண்ணு, சுருக்க விசாரணை. பில் இருக்கு, கையெழுத்து இருக்கு, பணம் மட்டும் வரலை. எதிராளிகிட்ட நியாயமான பதிலும் இல்ல. அப்போ சாட்சி, குறுக்கு விசாரணை எதுவும் வேண்டாம். ஜட்ஜ் காகிதத்தைப் பார்ப்பார், 'பணத்தைக் கட்டு'ம்பார். முடிஞ்சுது."

"நமக்கு அதுதான் சார் வேணும்!"

"அவசரப்படாதீங்க. 'சரக்கு சரியில்ல, அதான் பணம் தரலை'ன்னு எதிராளி சொல்றார். அதுல கொஞ்சமாவது விஷயம் இருக்குன்னு ஜட்ஜுக்குத் தோணிட்டா போச்சு. யார் சொல்றது நிஜம்னு வெறும் காகிதத்தைப் பார்த்து முடிவு பண்ண முடியாது இல்லையா? சாட்சியைக் கூப்பிடணும், எஞ்சினியரை விட்டு சோதிக்கணும். அது முழு விசாரணை. அஞ்சு வருஷம்கூட ஆகலாம்."

"அஞ்சு வருஷமா? மச்சான்கிட்ட கைமாத்து வாங்கித்தான் சார் சாமானே வாங்கினேன். தினம் காலையில வந்து என் வீட்டு வாசல்ல நாற்காலி போட்டு உக்காந்துக்கறான். அவனுக்குக் காபி போட்டுக் குடுக்கறது யாருங்கறீங்க? என் பொண்டாட்டி! இந்த மாசமும் பணம் வரலைன்னா பட்டறையை அண்ணன் பேருக்கு எழுதிடுங்கன்னு அவளே சொல்றா."

பெரியவர் சிரிப்பை அடக்கிக்கொண்டார்.

"கவலையை விடுங்க," என்றார் வக்கீல். "குறைன்னு வாயால சொன்னா பத்தாது. என்னிக்கு நடந்துது, என்ன ஆச்சு, யார் பார்த்தாங்க? ஒரு புகார் கடிதம்கூட அவர் எழுதலை. நாம பணம் கேட்ட பிறகுதான் அவருக்குக் குறையே ஞாபகம் வந்திருக்கு. அவர் பக்கம் சாட்சி யாராவது உண்டா?"

"ஒருத்தர் கிடையாது! நம்ம வேலை சுத்தம் சார். புதுசுல கொஞ்சம் அப்படி இப்படித்தான் இருக்கும். புது மாப்பிள்ளை முறுக்கு மாதிரி. பழகினா சரியாயிடும்."

"ஐயோ, இந்த மாப்பிள்ளைக் கதையை ஜட்ஜ் முன்னாடி எடுத்து விட்டுடாதீங்க!"

"இன்னும் அஞ்சே நிமிஷம் சார்!" என்று வெளியிலிருந்து ஒரு குரல் கேட்டது.

வக்கீல் பெரியவர் பக்கம் திரும்பினார். "ஐயாவும் கோர்ட்டுக்குத்தானே?"

"ஆமா. இன்னிக்குத்தான் முதல் நாள்."

"பயப்படாதீங்க, போகப் போகப் பழகிடும். நான் சொன்னது உங்களுக்கும் புரிஞ்சுதா?"

"தெளிவாப் புரிஞ்சுது. ஆனா, நம்பும்படியா ஒரு சாட்சி வந்துட்டா?"

"அப்போ இது சுருக்க விசாரணைக்கு லாயக்கில்லாத கேஸ். ஆனா சாட்சி எங்கேருந்து வருவான், வானத்துலேருந்து குதிப்பானா?"

பட்டறைக்காரர் முதல் முறையாக வாய்விட்டுச் சிரித்தார்.

கடப்பாரை உரசும் சத்தம் கேட்டது. கதவு கொஞ்சம் கொஞ்சமாக விலகியது. கோர்ட் நடக்கும் நாலாவது மாடியின் தரை அவர்கள் கண்ணுக்கு நேராக இருந்தது. அதில் குப்புறப் படுத்தபடி எட்டிப் பார்த்தார் எதிராளி, கோர்ட்டுக்கு வாடகைக்கு விட்டிருக்கும் இந்தக் கட்டடத்தின் உரிமையாளர்.

"மன்னிச்சுக்குங்க ஜட்ஜ் ஐயா! நீங்க வேலையில சேர வந்த முதல் நாளே, முக்கால் மணி நேரம் ரெண்டு மாடிக்கு நடுவுல உங்களை நிறுத்திடுச்சே, இவர் போட்ட லிஃப்ட்!"

பெரியவர் தோல்பையை அவரிடம் கொடுத்துவிட்டு வக்கீலைப் பார்த்தார்.

"கேஸை வேற ஜட்ஜுக்கு மாத்தச் சொல்லணும் வக்கீல் சார். சாட்சி சொல்றவனே தீர்ப்பும் சொல்லக் கூடாது இல்லையா?"