மூன்றாவது பதில்

மாலை வெயில் ஜன்னல் கம்பிகளின் நிழலைத் தையல் மெஷின் மேல் கோடு கோடாகப் போடுகிறது. சோபாவில் சாய்ந்திருக்கும் லிஃப்ட் மெக்கானிக்கின் செல்போனில் மறுபடியும் ஓர் இதயம் பூத்துத் தொலைக்கிறது. கிண்டலுக்கென்றே செய்த காதல் விளையாட்டு அது. வலிய வந்து பேசும் பெண்ணிடம் மனதைக் கொடுக்காமல் தப்பித்தால்தான் ஜெயம். மூன்று பதில்களில் ஒன்றைத் தொட வேண்டும். மழையில் மாட்டிக்கொண்டேன், குடையில்லை என்கிறாள் படத்துப் பெண். அவன் விரல் தன்னையறியாமல் 'அங்கேயே இருங்க, நான் வரேன்' என்பதைத் தொட்டுவிடுகிறது. தோல்வி. அடுத்த ஆட்டம்.

"இப்ப என்ன கேக்குறா?" என்கிறாள் மெஷினில் குனிந்திருக்கும் அவன் மனைவி, பல்லிடுக்கில் நூலோடு.

"மனசே சரியில்லைங்கறா."

மெஷின் ஒரு கணம் தயங்கி ஓடுகிறது. "மூணாவது பதில் என்ன?"

"அதுல வெறும் 'ம்'னுதான் போட்டிருக்கு."

"தொடுங்க."

தொடுகிறான். இதயங்கள் பொலபொலவென்று உதிர்கின்றன. படத்துப் பெண் முகத்தைத் திருப்பிக்கொண்டு போகிறாள். வெற்றி மேளம் அறையெங்கும் கொட்டுகிறது.

"பாக்காமலே எப்படிச் சொன்ன?"

அவள் உள்ளங்கை சக்கரத்தை அழுத்தி நிறுத்துகிறது. "நான் என்ன கேட்டாலும் நீங்க சொல்றதுதானே."

மேளம் இன்னும் ஓயவில்லை. போனைக் கவிழ்த்து வைக்கிறான். ஏதாவது சொல்லியாக வேண்டும். தொண்டையைச் செருமிக்கொள்கிறான், துணியைப் பார்க்கிறான், அவள் கழுத்தில் ஒட்டியிருக்கும் நூல் பிசிறைப் பார்க்கிறான். நாக்கு நுனியில் என்னென்னவோ வந்து முட்டுகிறது.

"ம்" என்கிறான்.

மெஷின் ஓடத் தொடங்குகிறது.