முள்ளம்பன்றியின் ஒன்பது பாயிண்ட்

கிட்ட வந்து உக்காருங்க, சத்தமாச் சொன்னா பூதத்துக்குக் கேட்டுடும்.

ஒரு வீடியோ கேமுக்குள்ள கீரியும் முள்ளம்பன்றியும் இருந்துச்சுங்க. ஒரு லெவல் ஏறினா ஒரு பாயிண்ட் கிடைக்கும். பல்லு, காலு, தோலுன்னு மூணு கல்லு; எதை அழுத்துறோமோ அது பலமாகும். அழுத்தினதை மாத்த முடியாது. கீரி அப்பப்ப அழுத்திக்கிச்சு. முள்ளம்பன்றி ஒன்பது பாயிண்டையும் வச்சுக்கிட்டு மணல்ல திட்டம் வரைஞ்சுக்கிட்டே இருந்துச்சு.

ஒரு நாள் பூதம் இடிச்சதுல அவங்க இருந்த குகைக்கதவு அதிர்ந்துச்சு.

"அழுத்துடா!"ன்னு கீரி கத்துச்சு.

"முப்பதாவது லெவல்ல இடிமுள்ளுன்னு ஒரு பெரிய பலம் வரும் மாப்ள, அதுக்குச் சேக்குறேன். இப்ப தப்பாப் போட்டுட்டா?"

"முப்பது வரைக்கும் நீ இருக்கணுமேடா!"

கதவைப் பிளந்துக்கிட்டு பூதத்தோட நகம் ஒண்ணு உள்ள வந்துச்சு. முள்ளம்பன்றி அப்பவும் மணல்ல இருந்த திட்டத்தையே பாத்துச்சு. கீரி வாலால திட்டத்தை அழிச்சுட்டு, முள்ளம்பன்றி கையப் பிடிச்சு, நகத்தைத் தோலாவது தாங்கட்டும்னு தோலுக்கான கல்லுல ஒன்பது தடவை அழுத்துச்சு.