கம்பி கட்டிய செருப்பு

நீதிமன்றத்துக்கு எட்டத்தில், கல்லடிப் பாலத்துக்கு இந்தப் பக்கமே காரை நிறுத்திவிட்டு, றெபேக்கா செருப்பை மாற்றினாள். வார் அறுந்து கம்பியால் கட்டிய அந்தப் பழைய செருப்பு அவளுடையதல்ல. முற்றம் கூட்ட வரும் பெண்ணுக்குப் புதுச் செருப்பு வாங்கிக் கொடுத்து, பதிலுக்கு வாங்கியது. வெளுத்த சேலையும் அப்படி வந்ததுதான்.

ஏழையாவதற்கும் செலவு செய்ய வேண்டியிருக்கிறதே என்று நினைக்க அவளுக்கே சிரிப்பு வந்தது. ஆறு காப்பையும் கழற்றியாயிற்று. காப்புக் கிடந்த இடம் மட்டும் வெள்ளையாகத் தெரிந்தது. அதில் கொஞ்சம் சட்டிக்கரி பூசியிருந்தாள். காலைச் சாப்பாடும் இல்லை. பசித்தால் கண்ணீர் சுலபமாக வரும் என்று யாரோ சொன்னதை நம்பியிருந்தாள்.

விவாகரத்து வழக்கு எப்போது முடியுமோ தெரியாது. அதுவரைக்கும் மாதாமாதம் கொடுக்க வேண்டிய இடைக்காலத் தாபரிப்புப் பணத்துக்கு இன்றைக்கு விசாரணை. பிள்ளைகள் இல்லை, ஆகவே பேச்சு புருஷன் பெண்சாதிக்குள்தான்: இருக்கிறவர் இல்லாதவருக்குக் கொடுக்க வேண்டும். கையில் ஒன்றுமில்லாதவள் என்று நீதிபதி நம்பிவிட்டால் அவள் வென்ற மாதிரி.

நீதிமன்ற வாசலில் அவளுடைய சட்டத்தரணி பீற்றிஸ் அவளை மேலும் கீழும் பார்த்தார்.

"நான் எளிமையா வாங்க எண்டுதானே சொன்னன். நீங்க என்ன பிள்ளை, பிச்சைக்கு வந்த மாதிரி நிக்கிறீங்க?"

"கொஞ்சம் கூடிப்போச்சோ மிஸ்?"

"சரி, விடுங்க. கேட்டதுக்கு ஓம், இல்ல. அதுக்கு மேல வாய் திறக்கப்படாது."

அந்த நேரம் அவளுடைய புருஷன் ஜொய்சன் வந்தான். கசங்கிய சட்டை, கையில் ஊன்றுகோல், ஒரு காலை இழுத்து இழுத்து நடை. போன கிழமை தேற்றாத்தீவுக் கடற்கரையில் கரப்பந்துக்குத் துள்ளிய கால் அது! இவ்வளவு நன்றாக நடிக்கிற இரண்டு பேர் சந்தோஷமான தம்பதியாக நடித்திருக்கலாமே என்று றெபேக்காவுக்குத் தோன்றியது.

பைபிளில் கை வைத்துச் சத்தியம் செய்தாள். பிறகு பொய் சொல்லத் தொடங்கினாள். வயல் வெள்ளத்தில் போய்விட்டது. வீடு ஒழுகுகிறது. சமையலுக்கு அரிசி அண்ணன் வீட்டிலிருந்து வருகிறது. சரியான நேரம் பார்த்து வயிறு இரைந்தது. நீதிபதியின் முகம் இளகிவிட்டது.

"அவவுக்கு ஒரு கதிரை குடுங்க" என்றார்.

கர்த்தர் மன்னிப்பார் என்று நினைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

ஜொய்சனின் சட்டத்தரணி ஷிஹான் எழுந்தார். வருமானத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"பாவம்தான். அப்ப உங்கட அப்பா சீதனமாத் தந்தது அந்த ஒழுகிற வீடு மட்டும்தானா?"

பல்லைக் கடித்துக்கொண்டு, "ஓம்" என்றாள்.

"மருமகனை வெறும் வீட்டுக்குக் கூப்பிட்டுப்போட்டார் எண்டு செட்டிபாளையத்தில சனம் கதைச்சதாமே?"

பீற்றிஸ் தொண்டையைச் செருமினார். றெபேக்காவின் காது சூடாகிவிட்டது. அவளுடைய ஊரில் ஒரு தகப்பனின் மரியாதையை மகளின் சீதனத்தை வைத்துத்தான் அளப்பார்கள். அப்பா செத்து இரண்டு வருடம்தான் ஆகிறது.

"ஓம்" என்று மெல்லச் சொன்னாள்.

"தங்கச்சிக்கெண்டா மாடி வீடாம். மூத்த மகளை மட்டும் உங்கட அப்பா..."

"ஆர் சொன்ன?" றெபேக்கா கதிரையைத் தள்ளிக்கொண்டு எழும்பினாள். "அவளுக்கு ஒரு மாடி. எனக்கு ரெண்டு! மண்டூர் வட்டையில பதினெட்டு ஏக்கர் வயல், சந்தியில நாலு கடை, மாசம் தவறாம வாடகை! இவர் ஒரு பெட்டியோட வந்து ஏறின வீடு அது! என்ட அப்பாவையா வெறுங்கை எண்டுறீங்க? உறுதிப் பத்திரமெல்லாம் காருக்குள்ள கிடக்கு, கொண்டு வந்து காட்டவா?"

"எந்தக் கார்?" என்று நீதிபதி கேட்டார்.

பீற்றிஸ் கோப்பால் முகத்தை மறைத்துக்கொண்டார். வேறு கேள்வி இல்லை என்று சொல்லிவிட்டு ஷிஹான் உட்கார்ந்தார்.

அப்பாவின் மானத்தைக் காப்பாற்றிவிட்டோம் என்று றெபேக்கா தன்னைத் தேற்றிக்கொண்டாள். காலில் கம்பி குத்தியது அப்போதுதான் தெரிந்தது.

வழக்கு முடியும்வரை புருஷன் ஜொய்சனுக்குக் கொடுக்கும்படி நீதிபதி விதித்த மாதம் நாற்பதாயிரம் ரூபாத் தாபரிப்பின் முதல் தவணையைக் கட்ட, அடுத்த மாதம் றெபேக்கா நீதிமன்ற வாசல்வரைக்கும் காரிலேயே வந்து இறங்கினாள்.