தூக்குச்சட்டி

ரூபி அடித்த கிட்டிப்புள் பக்கத்து வீட்டு ஆக்னஸின் இடக்கண்ணைப் பறித்து ஐந்து மாதமாகிறது. அன்றிலிருந்து இரண்டு வீட்டுக்கும் பேச்சில்லை. ரூபியின் அம்மா பிரகாசி குடத்தோடு வந்தால் தெருக்குழாயில் மற்றவர்களும் விலகிக்கொண்டார்கள். ஆனாலும் கோயில் திருவிழாவுக்கு முந்திரிக்கொத்து சுட்டு, தூக்குச்சட்டியில் போட்டு, ஆக்னஸ் வீட்டு வாசலில் வைத்துவிட்டு வந்தாள்.

மறுநாள் ஆக்னஸே சட்டியைக் கொண்டுவந்தாள். பலகாரம் வந்த சட்டியை வெறுமையாகத் திருப்பித் தருவது அந்தத் தெருவில் இல்லை. ஒரு பிடி சீனியாவது போடுவார்கள். மனமிரங்கிவிட்டார்கள் என்று நினைத்து மூடியைத் திறந்தாள் பிரகாசி. உள்ளே அந்தப் புள் கிடந்தது, கூர்முனையில் கறையோடு.

“ரூபிட்ட குடுக்கணுமாம்,” என்றாள் ஆக்னஸ், ஒற்றைக் கண்ணால் வீட்டுக்குள் தேடியபடி. “இத்தன நாளும் பத்திரமா வச்சிருந்தோம்னு அம்ம சொல்லச் சொன்னாவ.”