முன்மொழிந்த கை

பஞ்சாயத்துத் தேர்தலில் பொன்முடி எஸ்டேட் வார்டு இந்த முறை பெண்களுக்கு என்றானது. இருபது வருடம் தேயிலைக் கொழுந்து கிள்ளி, சங்கத்துக்காக இரண்டு தடவை ஜெயிலுக்கும் போன சரசம்மாவுக்குத்தான் சீட் என்று தொழிலாளர் லயம் முழுக்கப் பேச்சு. சங்கத் தலைவர் சற்குணமோ தன் மகள் ஷிபாவின் பெயரைக் கட்சிக்கு எழுதிக் கொடுத்தார்.

"வீட்டுல நெருக்குதாவ, சரசம்மா. ஷிபா மனுவத் தள்ளிட்டானுவன்னா ஒரு ஆளு வேணும். நீ டம்மியா ஒண்ணு போடு," என்றார் தலை நிமிராமல்.

"டம்மி நான். மூஞ்சி தொங்குதது உங்களுக்கா அண்ணாச்சி?" என்று சிரித்தாள் சரசம்மா.

பரிசீலனையன்று ஷிபாவின் மனு தள்ளுபடியானது. முன்மொழிந்து கையெழுத்துப் போட்டவர் சற்குணம். வேலையிலிருந்து ஓய்வு பெற்று அவர் கல்லாற்றுக்குக் குடிபோனதோடு வோட்டும் பக்கத்து வார்டுக்குப் போய்விட்டது. கட்சிக்கு மிஞ்சியது சரசம்மாவின் மனு மட்டும்.

திரும்பும் ஜீப்பில் ஷிபா குமுறி அழுதாள். "போஸ்டர்கூட அடிச்சாச்சே! வார்டுல வோட்டு உள்ளவங்கதான் கையெழுத்துப் போடணும்னு அப்பாவுக்குத் தெரியாதா?"

"மறந்துபோச்சு, மக்களே," என்றார் சற்குணம் மகளிடம்.

"போட்டும் மோளே, அப்பாவுக்கு வயசாச்சுல்லா," என்று சரசம்மா அவள் கண்ணைத் துடைத்துவிட்டாள்.

சற்குணம் மகளின் முகத்தைப் பார்க்காமல் வெளியே பார்த்துக்கொண்டு வந்தார். சரசம்மாவின் மனுவில் கையெழுத்துப் போட வந்த தன் தம்பியை முந்தாநாள்தான் அவர் விரட்டியிருந்தார்.

"உனக்கு வோட்டு கல்லாத்துலலா கெடக்கு. நீ போட்டா தள்ளிருவானுவ, போடா."